மூன்று மாதத்தில் அடங்கிய கடற்கொள்ளை

ரேஷன் கடைக்கு அரிசி வரவில்லை என்றால் ஊரில் என்ன பேச்சு நடக்கும்? உங்களுக்குத் தெரியும். லாரி வரவில்லையாம், அடுத்த வாரம்தானாம் என்பார்கள். அன்று சாயங்காலமே மளிகைக் கடையில் விலை ஏறிவிடும்.

ரோம் நகரத்திலும் இதே பேச்சு நடந்தது. ஆனால் இன்று நேற்று அல்ல. 2,000 வருடங்களுக்கும் முன்னால். அங்கே அரிசி இல்லை, கோதுமை. லாரி இல்லை, கப்பல்.

ரோம் இன்றைக்கு இத்தாலி நாட்டின் தலைநகரம். அந்தக் காலத்தில் அது ஒரு பெரிய அரசின் தலைநகரம். லட்சக்கணக்கான ஜனங்கள் அங்கே இருந்தார்கள். அவ்வளவு பேருக்கும் வேண்டிய கோதுமை பக்கத்து வயல்களில் விளையவில்லை. சிசிலித் தீவிலிருந்து வந்தது. சார்டினியாத் தீவிலிருந்து வந்தது. கடலுக்கு அந்தப் பக்கம் ஆப்பிரிக்காக் கரையிலிருந்து வந்தது. எல்லாம் கப்பலில்தான் வர வேண்டும். கப்பல் வந்தால் சோறு. வராவிட்டால் பட்டினி.

கப்பல்கள் வராமல் நின்றுபோயின. புயல் அடிக்கவில்லை. விளைச்சல் குறையவில்லை. நடுவழியில் கொள்ளையர்கள் நின்றார்கள்.

இந்தப் பாடத்தில் வருடங்களுக்கு முன்னால் கி.மு. என்று போட்டிருக்கும். கிறிஸ்து பிறப்பதற்கு முன் என்பது அதன் பொருள். இந்த எண்கள் இறங்கிக்கொண்டே வரும். கி.மு. 75 முதலில் வரும். கி.மு. 67 அதற்குப் பிறகு வரும். கிணற்றுப் படியில் இறங்குவது போல என்று வைத்துக்கொள்ளுங்கள்.

கடலும் கரையும்

இந்தக் கதை நடந்த இடம் மத்தியதரைக் கடல். பெயரே சொல்கிறது. நிலங்களுக்கு நடுவே உள்ள கடல். வடக்கே ஐரோப்பா. தெற்கே ஆப்பிரிக்கா. கிழக்கே ஆசியா. மேற்குக் கோடியிலிருந்து கிழக்குக் கோடிக்கு சுமார் 3,700 கிலோமீட்டர். இந்தியாவின் வடகோடிக்கும் தென்கோடிக்கும் உள்ள தூரமே சுமார் 3,200 கிலோமீட்டர்தான். அதைவிட நீளமான கடல்.

அந்தக் காலத்துக் கப்பல்காரர்களிடம் திசை காட்டும் கருவி கிடையாது. ஆகையால் முடிந்தவரை கரை கண்ணுக்குத் தெரிகிற மாதிரியே போவார்கள். குளிர்காலத்தில் கடல் பொல்லாதது. அப்போது பெரும்பாலும் கப்பலைக் கரையில் கட்டிவிடுவார்கள். எந்த மாதத்தில் எந்த வழியாகக் கப்பல் வரும் என்பது எல்லோருக்கும் தெரிந்த விஷயம். கொள்ளையர்களுக்கும் தெரியும்.

இந்தக் கடலின் கிழக்கு மூலையில் சிலிசியா என்று ஒரு நாடு இருந்தது. இன்றைக்கு அது துருக்கி நாட்டின் தென்கரை. அங்கே மலை நேராகக் கடலில் வந்து இறங்குகிறது. மலைக்கு டாரஸ் என்று பெயர். கரை முழுவதும் பாறை. பாறைகளுக்கு நடுவே சின்னச் சின்னக் கடல் நுழைவுகள். வெளியிலிருந்து பார்த்தால் உள்ளே படகு நிற்பது தெரியாது. மேலே ஏறி நின்றால் வெகு தூரத்தில் வரும் கப்பல் தெரியும். கட்டுவதற்கு மரம் மலையிலேயே கிடைக்கும். கொள்ளையருக்கு இதைவிட நல்ல இடம் அமையுமா?

அவர்களுடைய கப்பல்கள் சிறியவை. பாயும் உண்டு, துடுப்பும் உண்டு. ஆழம் இல்லாத தண்ணீரிலும் ஓடும். பாரம் ஏற்றிய தானியக் கப்பல் மாட்டு வண்டி என்றால் இது குதிரை.

சிலிசியாக்காரர்கள் மட்டும்தான் கொள்ளையரா? இல்லை. பெயர்தான் அவர்களுக்கு. உள்ளே பல தேசத்தாரும் இருந்தார்கள். அந்தப் பக்கத்தில் ஓயாமல் சண்டை. ஊர்கள் எரிந்தன. நிலத்தை இழந்தவர்கள், வேலை இழந்த போர்வீரர்கள், தப்பி ஓடிய ஆட்கள் எல்லோரும் கடலுக்குப் போனார்கள். நிலத்தில் பட்டினி கிடப்பதைவிடக் கடலில் பிடுங்கித் தின்பது மேல் என்று நினைத்தார்கள். பாண்டஸ் நாட்டு ராஜா மித்ரிடேட்டஸ் ரோமுக்கு எதிரி. அவரும் கொள்ளையருக்குக் கைகொடுத்தார். என் எதிரிக்குத் தொல்லை கொடுப்பவன் எனக்கு நண்பன் என்கிற கணக்கு.

சந்தைக்கு வந்த மனிதர்கள்

கொள்ளையர்கள் எதைக் கொள்ளையடித்தார்கள்? கோதுமை, எண்ணெய், திராட்சை மது என்று நினைப்பீர்கள். அதுவும் உண்டு. ஆனால் பெரிய லாபம் வேறு ஒன்றில் இருந்தது. மனிதர்களைப் பிடித்து விற்பதில்.

டேலோஸ் என்று ஒரு சின்னத் தீவு. கி.மு. 166 வாக்கில் ரோம் அதைச் சுங்கவரி இல்லாத துறைமுகமாக ஆக்கியது. வரி இல்லை என்றதும் வியாபாரிகள் குவிந்தார்கள். அங்கே அடிமைச் சந்தை வளர்ந்தது. ஸ்ட்ராபோ என்ற கிரேக்க அறிஞர் எழுதியிருக்கிறார்: ஒரே நாளில் பல பத்தாயிரம் அடிமைகளை இறக்கி, விற்று, ஏற்றி அனுப்ப அந்தத் துறைமுகத்தால் முடியுமாம்.

யார் வாங்கினார்கள்? ரோமானியப் பணக்காரர்கள். போரில் ஜெயித்து அவர்களுக்குப் பணம் சேர்ந்தது. பெரிய பெரிய பண்ணைகள் வைத்தார்கள். பண்ணையில் வேலை செய்ய ஆள் வேண்டும். கூலி கொடுக்காமல் வேலை வாங்க அடிமை வேண்டும். அந்த அடிமை எங்கிருந்து வந்தான், அவனை யார் பிடித்தார்கள் என்று கேட்கவில்லை.

பித்தினியா என்று ஒரு நாடு. கி.மு. 104-இல் ரோம் அந்த நாட்டு ராஜாவிடம் போருக்கு ஆள் கேட்டது. ராஜா கையை விரித்தார். என் ஜனங்களில் பெரும்பாலோரை ரோமானிய வரி வசூல்காரர்கள் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள், அவர்கள் உங்கள் நாட்டில்தான் அடிமைகளாக இருக்கிறார்கள் என்று பதில் சொன்னார். ஆக, மனிதனைப் பிடித்து விற்றது கொள்ளையர் மட்டும் அல்ல. கடலில் பிடித்தால் கொள்ளை. வரிக்குப் பதிலாகப் பிடித்தால் சட்டம். பிடிபட்டவனுக்கு இதில் என்ன வித்தியாசம்?

கொள்ளைக்காரன் திருடன்தான். ஆனால் அவனிடம் வாங்குகிறவன் இருந்தான். அதனால்தான் பல வருடங்கள் ரோம் இதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

பணக்காரர் யாராவது பிடிபட்டால் கதை வேறு. அவரை விற்க மாட்டார்கள். வீட்டாரிடம் பணம் கேட்பார்கள். பணம் வந்தால் விடுவார்கள். இப்படிப் பிடிபட்டவர்களில் ஜூலியஸ் சீசரும் ஒருவர். பின்னாளில் ரோமையே ஆண்டவர். கி.மு. 75 வாக்கில் அவருக்கு வயது சுமார் 25.

புளூட்டார்க் என்ற கிரேக்க எழுத்தாளர் இந்தக் கதையை எழுதி வைத்திருக்கிறார். கொள்ளையர் 20 தாலந்து கேட்டார்களாம். ஒரு தாலந்து என்பது சுமார் 26 கிலோ வெள்ளி. சீசர் சிரித்தாராம். யாரைப் பிடித்திருக்கிறீர்கள் என்றே உங்களுக்குத் தெரியவில்லை, 50 தாலந்து தருகிறேன் என்றாராம். பணம் வர 38 நாள் ஆயிற்று. அதுவரை அவர் கைதி மாதிரியே நடந்துகொள்ளவில்லை. தூங்கும்போது சத்தம் போடாதீர்கள் என்று சொல்லி அனுப்புவார். கவிதை எழுதி வாசித்துக் காட்டுவார். ரசிக்காதவர்களை எழுத்தறியாதவர்கள் என்று திட்டுவார். எழுத்துத் தெரியாததற்கும் கவிதை பிடிக்காததற்கும் என்ன சம்பந்தமோ!

உங்களை எல்லாம் சிலுவையில் அறைவேன் என்றும் சொல்வாராம். அவர்கள் விளையாட்டு என்று நினைத்தார்கள். பணம் வந்ததும் விட்டுவிட்டார்கள். சீசர் நேரே மிலேட்டஸ் துறைமுகத்துக்குப் போனார். கப்பல்களைத் திரட்டினார். திரும்பி வந்து அவர்களைப் பிடித்தார். சொன்னபடியே செய்தார்.

எல்லோரும் சீசர் அல்ல. புளூட்டார்க் சொல்லும் இன்னொரு செய்தி கேட்கவே கஷ்டமாக இருக்கிறது. பிடிபட்ட ஒருவர், தான் ரோமானியக் குடிமகன் என்று சொன்னால் கொள்ளையர்கள் பயந்தது போல நடிப்பார்களாம். காலில் விழுந்து மன்னிப்புக் கேட்பார்களாம். ரோமானியர் உடுத்தும் அங்கியை எடுத்து வந்து போர்த்துவார்களாம். அவரும் நம்பிவிடுவார். பிறகு நடுக்கடலில் ஏணியை இறக்கி, ஐயா சுகமாகப் போய் வாருங்கள் என்பார்களாம். போகாவிட்டால் பிடித்துத் தள்ளுவார்களாம்.

வாசலுக்கு வந்த ஆபத்து

கொள்ளையரின் கை ஓங்கியது. அவர்களிடம் 1,000-க்கு மேல் கப்பல் இருந்தது, 400 ஊர்களைப் பிடித்தார்கள் என்று புளூட்டார்க் கணக்குச் சொல்கிறார். கோயில்களையும் விடவில்லை. அடிமைச் சந்தை நடந்த அதே டேலோஸ் தீவைக் கி.மு. 69-இல் கொள்ளையர்களே சூறையாடினார்கள். அங்கே இருந்த ஜனங்களை அடிமைகளாகப் பிடித்துப் போனார்கள். தங்களிடம் வாங்கிய ஊரையே விற்றுவிட்டார்கள்.

ரோம் சும்மாவும் இருக்கவில்லை. கி.மு. 74-இல் மார்க்கஸ் அந்தோனியஸ் என்ற தளபதியை அனுப்பியது. கிரீட் தீவைப் பிடிக்கப் போனார் அவர். ஆயுதத்தைவிட விலங்குச் சங்கிலியைத்தான் அதிகம் கொண்டுபோனார் என்று பழைய நூல் ஒன்று கேலி செய்கிறது. சண்டையில் தோற்றார். அதே சங்கிலியால் ரோமானிய வீரர்களைக் கிரீட் மக்கள் கட்டினார்களாம்.

கடைசியில் கொள்ளையர் ரோமின் வாசலுக்கே வந்தார்கள். ரோமுக்கு உரிய துறைமுகம் ஓஸ்தியா. நகரத்திலிருந்து சுமார் 25 கிலோமீட்டர். கி.மு. 68 வாக்கில் அங்கே நின்ற ரோமானியப் போர்க்கப்பல்களைக் கொளுத்தினார்கள். செக்ஸ்டிலியஸ், பெல்லியனஸ் என்ற இரண்டு பெரிய அதிகாரிகளைக் காவலாளிகளோடு சேர்த்துத் தூக்கிக்கொண்டு போனார்கள். தானியக் கப்பல்கள் நின்றன. விலை ஏறியது. ஜனங்கள் கொதித்தார்கள்.

ஒருவர் கையில் இவ்வளவு அதிகாரமா?

கி.மு. 67. கபினியஸ் என்ற மக்கள் பிரதிநிதி ஒரு சட்டம் கொண்டுவந்தார். கொள்ளையரை ஒழிக்க ஒரே ஒரு தளபதியை நியமிக்க வேண்டும். மூன்று வருடத்துக்கு. கடல் முழுவதும் அவர் அதிகாரம். கரையிலிருந்து உள்நாட்டில் சுமார் 75 கிலோமீட்டர் வரையிலும் அவர் சொன்னது நடக்கும். கஜானாவிலிருந்து பணம் எடுக்கலாம். கப்பல் கட்டலாம். ஆள் சேர்க்கலாம்.

சட்டத்தில் யார் பெயரும் இல்லை. ஆனால் யாருக்கு என்று எல்லோருக்கும் தெரியும். பொம்பேயஸ். இந்தப் பெயரை இரண்டு தடவை வாய்விட்டுப் படியுங்கள், பழகிவிடும். அப்போது அவருக்கு வயது 38. சின்ன வயதிலேயே படை நடத்தியவர். ஜனங்களிடம் நல்ல செல்வாக்கு.

செனட் என்ற மூத்தோர் சபை பணக்காரர்களின் சபை. அங்கே எதிர்ப்பு கிளம்பியது. கட்டுலஸ் என்ற பெரியவர் ஜனங்கள் முன்னால் பேசினார். பொம்பேயஸ் நல்ல வீரர்தான், ஆனால் ஒரே ஆளிடம் இவ்வளவு அதிகாரம் கொடுக்கலாமா என்று கேட்டார். இவருக்கு ஏதாவது ஆகிவிட்டால் அப்புறம் யாரை அனுப்புவீர்கள் என்றும் கேட்டார். உங்களைத்தான் என்று கூட்டம் கத்தியது. பெரியவர் மேலே பேச முடியவில்லை. கூட்டம் சிரித்திருக்கும். ஆனால் அவர் கேட்ட முதல் கேள்விக்கு யாரும் பதில் சொல்லவில்லை என்பதைக் கவனியுங்கள்.

திரெபெல்லியஸ் என்ற இன்னொரு மக்கள் பிரதிநிதி சட்டத்தைத் தடுத்தார். அப்படித் தடுக்க அவருக்கு உரிமை உண்டு. உடனே கபினியஸ் இவரையே பதவியிலிருந்து இறக்க ஓட்டெடுப்பு நடத்தினார். ரோமில் ஜனங்கள் 35 பிரிவுகளாக ஓட்டுப் போடுவார்கள். ஆண்கள் மட்டும். பெண்களுக்கும் அடிமைகளுக்கும் ஓட்டு இல்லை. 17 பிரிவுகள் திரெபெல்லியசுக்கு எதிராக ஓட்டுப் போட்டுவிட்டன. இன்னும் ஒன்று விழுந்தால் பதவி போய்விடும். 35-இல் பாதிக்கு மேல் என்றால் 18 அல்லவா? அந்த நிமிஷத்தில் அவர் தடையை விலக்கிக்கொண்டார். சட்டம் நிறைவேறியது.

பொம்பேயஸுக்கு 500 கப்பல், 1,20,000 காலாட்படை, 5,000 குதிரைவீரர்கள் என்று புளூட்டார்க் எழுதுகிறார். அப்பியன் என்ற இன்னொரு எழுத்தாளர் 270 கப்பல் என்கிறார். பணம் 6,000 தாலந்து, அதாவது சுமார் 150 டன் வெள்ளி என்றும் சொல்கிறார். இரண்டு பேரும் சம்பவம் நடந்து 150 வருடத்துக்கும் மேல் கழித்து எழுதியவர்கள். அச்சில் இருப்பதாலேயே ஓர் எண் சரியாகிவிடாது. இரண்டு புத்தகத்தையும் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டியிருக்கிறது. பெரிய படை என்பதில் மட்டும் சந்தேகம் இல்லை.

ஒரு வேடிக்கை. பொம்பேயஸ் இன்னும் கப்பல் ஏறவே இல்லை. அவரை நியமித்த செய்தி வந்ததுமே சாப்பாட்டுச் சாமான் விலை இறங்கிவிட்டது. இது எப்படி என்று கடைவீதி தெரிந்தவர்களுக்குப் புரியும். விலை ஏறும் என்று நினைக்கிற வியாபாரி மூட்டையைப் பதுக்குவார். இறங்கும் என்று தெரிந்தால் அவசரமாக அவிழ்ப்பார்.

எல்லா வளையையும் ஒரே நேரத்தில்

வயல் வரப்பில் எலி பிடித்தவர்களுக்குத் தெரியும். ஒரு வளையை அடைத்தால் எலி வேறு வளை வழியாக ஓடிவிடும். பொம்பேயசுக்கு முன்னால் போன தளபதிகள் செய்தது அதுதான். ஒரு கரையில் அடித்தார்கள். கொள்ளையர் அடுத்த கரைக்குப் போனார்கள். படை திரும்பியதும் பழைய இடத்துக்கு வந்தார்கள்.

பொம்பேயஸ் கடலை 13 பகுதிகளாகப் பிரித்தார். ஒவ்வொரு பகுதிக்கும் ஒரு பொறுப்பாளர். ஒவ்வொருவருக்கும் தனிக் கப்பல்கள், தனிப் படை. உன் எல்லையை நீ காவல் காக்க வேண்டும், அடுத்தவன் எல்லைக்குத் துரத்திக்கொண்டு போகக் கூடாது. எல்லா இடத்திலும் ஒரே சமயத்தில் வேலை தொடங்கியது. ஓடுகிற கொள்ளையன் ஓடிய இடத்திலும் காவலைக் கண்டான்.

பொம்பேயஸ் முதலில் கிழக்கே சிலிசியாவுக்குப் போகவில்லை. இது முக்கியம். கொள்ளையரின் கோட்டை அங்கே இருந்தாலும் ரோமின் வயிறு மேற்கே இருந்தது. ஆகையால் சிசிலி, ஆப்பிரிக்கா, சார்டினியா மூன்றையும் முதலில் பத்திரப்படுத்தினார். குளிர்காலம் முடிந்தும் முடியாத நேரம். மற்றவர்கள் கப்பலை அவிழ்க்கவே யோசிக்கும் காலம். அவர் புறப்பட்டுவிட்டார். 40 நாளில் மேற்குக் கடல் முழுவதும் சுத்தமானது. கோதுமை வந்து இறங்கியது.

நடுவில் உள்ளூர்த் தகராறு. பிசோ என்ற கான்சல் இருந்தார். கான்சல் என்பது ரோமின் மிக உயர்ந்த பதவி. அவருக்குப் பொம்பேயஸைக் கண்டால் ஆகாது. கப்பலுக்குச் சேர்த்த ஆட்களைக் கலைத்து அனுப்பினார். பொம்பேயஸ் ரோமுக்கு வர வேண்டியதாயிற்று. ஜனங்கள் பிசோவின் பதவியையே பறித்துவிடும் கோபத்தில் இருந்தார்கள். கபினியஸ் அதற்கான சட்டத்தையும் எழுதி வைத்திருந்தார். பொம்பேயஸ் வேண்டாம் என்று நிறுத்தினார். வேலையை முடித்துக்கொண்டு பிருந்திசியம் துறைமுகத்துக்குப் போய்க் கப்பல் ஏறினார்.

அங்கிருந்து கிழக்கே 60 நல்ல கப்பல்களோடு போனார். போகிற வழியிலேயே பல கொள்ளையர் சரண் அடைந்தார்கள். அவர்களை அவர் கொல்லவில்லை. கப்பலை வாங்கிக்கொண்டு ஆளை விட்டுவைத்தார். இந்தச் செய்தி கரையோரமாகப் பரவியது. பிடிபட்டால் சிலுவை என்றால் கடைசி வரை சண்டை போடுவான். உயிர் பிழைக்கலாம் என்றால் யோசிப்பான். சரண் அடைந்தவர்களே ஒளிந்திருந்த மற்றவர்களைக் காட்டிக்கொடுத்தார்கள்.

துணிந்தவர்கள் மட்டும் கோரகேசியம் என்ற இடத்தில் திரண்டு நின்றார்கள். கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் பெரிய பாறை அது. மேலே கோட்டை. மனைவி மக்களையும் சொத்தையும் டாரஸ் மலைக் கோட்டைகளில் வைத்துவிட்டுச் சண்டைக்கு வந்தார்கள். கடலில் தோற்றார்கள். கோட்டைக்குள் ஓடினார்கள். முற்றுகையிட்டதும் பணிந்தார்கள். அந்த ஊருக்கு இன்றைய பெயர் அலன்யா. துருக்கியில் சுற்றுலாப் பயணிகள் கூடும் கடற்கரை ஊர் அது.

பிருந்திசியத்தை விட்ட 49-ஆம் நாள் சிலிசியா முழுவதும் ரோம் வசம் வந்தது என்று சிசரோ சொல்லியிருக்கிறார். அவர் அதே காலத்தில் வாழ்ந்த பேச்சாளர். மூன்று வருடம் கொடுத்த வேலை. மூன்று மாதத்தில் முடிந்தது.

கோட்டைகளைத் திறந்து பார்த்தார்கள். பாதி கட்டிய கப்பல்கள், மரம், இரும்பு, பாய்த்துணி, கயிறு எல்லாம் கிடந்தன. கூடவே கைதிகள். பிணைப்பணம் வரும் என்று கட்டி வைத்திருந்தவர்கள். பொம்பேயஸ் அவர்களை ஊருக்கு அனுப்பினார். பலர் வீடு போய்ச் சேர்ந்தபோது தங்கள் பெயரில் நினைவுக்கல் நிற்பதைப் பார்த்தார்களாம். செத்துப்போனதாக நினைத்து வீட்டார் எழுப்பியது. கருமாதி முடித்த ஆள் வாசலில் வந்து நின்றால் அந்த வீட்டில் என்ன நடந்திருக்கும்?

இருபதாயிரம் பேரை என்ன செய்வது?

பிடிபட்டவர்கள் 20,000-க்கு மேல். இப்போது என்ன செய்வது?

ரோமின் வழக்கப்படி இரண்டே வழி. ஒன்று, கொல்வது. அல்லது அடிமையாக விற்பது. விற்றால் பெரும் பணம் கிடைக்கும். அப்படியே அவிழ்த்துவிட்டால் என்ன ஆகும்? கையில் தொழில் இல்லாத, சண்டை தெரிந்த கூட்டம். மறுபடி கூடிவிடும்.

பொம்பேயஸ் மூன்றாவது வழி எடுத்தார். கடலை விட்டுத் தள்ளி அவர்களுக்கு நிலம் கொடுத்தார். இடம் மாறினால், தொழில் மாறினால் ஆளும் மாறுவான் என்பது அவர் எண்ணம். காட்டு மிருகங்களே பழகப் பழகச் சாதுவாகும்போது மனிதன் ஆக மாட்டானா என்று அவர் நினைத்ததாகப் புளூட்டார்க் எழுதுகிறார்.

நிலம் எங்கே இருந்தது? போரால் காலியான ஊர்களில். சோலி என்று ஓர் ஊர். ஆர்மீனிய ராஜா திக்ரானெஸ் அந்த ஊர் ஜனங்களை மொத்தமாக இழுத்துக்கொண்டு போய் வேறு நாட்டில் குடிவைத்திருந்தார். வீடுகள் காலி. வயல்கள் தரிசு. பொம்பேயஸ் அங்கே கொள்ளையரைக் குடியேற்றினார். ஊருக்குத் தன் பெயரையே வைத்தார், பொம்பேயோபோலிஸ் என்று. இந்தப் பெயர் ஆசை அவருக்குக் கொஞ்சம் அதிகம். அங்கே உள்ள பழைய கல்தூண்களைத் துருக்கியில் மெர்சின் நகரத்தின் பக்கத்தில் இன்றும் பார்க்கலாம். அதானா, மல்லஸ், எபிஃபேனியா ஆகிய ஊர்களிலும் ஆட்கள் குடியேறினார்கள். கிரேக்க நாட்டில் டைமி என்ற ஊரில் நல்ல நிலம் இருந்தது, உழ ஆள் இல்லை. அங்கேயும் ஒரு பகுதி அனுப்பினார்.

எல்லோருக்கும் இது பிடிக்கவில்லை. கிரீட் தீவில் மெட்டல்லஸ் என்ற தளபதி கொள்ளையரைப் பிடித்துக் கொன்றுகொண்டிருந்தார். அங்கே இருந்தவர்கள் பொம்பேயஸிடம் தூது அனுப்பினார்கள், நாங்கள் உங்களிடமே சரண் அடைகிறோம் என்று. அவரும் ஒத்துக்கொண்டு ஓர் அதிகாரியை அனுப்பினார். மெட்டல்லஸ் கேட்கவில்லை. கடைசியில் பொம்பேயஸின் அதிகாரி கொள்ளையர் பக்கம் நின்று ரோமானியப் படையோடு மோதும்படி ஆயிற்று. கொள்ளையர் மேல் இரக்கம் என்றும் சொல்லலாம். இன்னொருவர் ஜெயித்துவிடக் கூடாது என்ற பொறாமை என்றும் சொல்லலாம். அன்றே பலர் இரண்டாவதைத்தான் சொன்னார்கள்.

அப்புறம்

கடற்கொள்ளை அத்தோடு ஒழிந்ததா? முழுக்க இல்லை. சட்டம் கொண்டுவந்த கபினியஸ் நினைவிருக்கிறதா? பின்னால் அவர் சிரியா நாட்டு ஆளுநர் ஆனார். கி.மு. 55-இல் தன் பகுதியை விட்டுவிட்டு எகிப்துக்குப் படையோடு போனார். அந்த நேரத்தில் சிரியாக் கரையில் கொள்ளையர் புகுந்தார்கள். அவர்மேல் ஜனங்கள் புகார் சொன்னார்கள்.

அடிமைச் சந்தையும் நிற்கவில்லை. பண்ணைக்கு ஆள் வேண்டும் என்ற தேவை அப்படியே இருந்தது. அதைப் பொம்பேயஸ் தொடவே இல்லை.

கட்டுலஸ் கேட்ட கேள்வியும் நின்றது. ஒருவருக்கு ஒருமுறை கொடுத்த அதிகாரத்தை மறுமுறை கொடுப்பது எளிது. அடுத்த வருடமே, கி.மு. 66-இல், மித்ரிடேட்டஸ் ராஜாவுடனான போரும் பொம்பேயஸிடம் கொடுக்கப்பட்டது. பெரிய தளபதிகள் சட்டத்துக்கு மேலே வளர்ந்தார்கள். பிறகு பொம்பேயஸும் சீசரும் மோதினார்கள். பொம்பேயஸ் தோற்று எகிப்துக்கு ஓடினார். கி.மு. 48-இல், ஒரு சின்னப் படகில் கரை இறங்கும்போது அவரைக் குத்திக் கொன்றார்கள்.

அவருடைய மகன் செக்ஸ்டஸ் பிழைத்தார். அவர் சிசிலித் தீவைப் பிடித்துக்கொண்டார். ரோமுக்குப் போகும் தானியக் கப்பல்களை மறித்தார். ரோமில் மறுபடி பட்டினி. கொள்ளைக்காரன் என்று எதிரிகள் அவரைத் திட்டினார்கள். அவருடைய கப்பல் தலைவர்களில் மேனாஸ், மெனெக்ரட்டீஸ் என்ற இரண்டு பேர் அவர் அப்பா விடுதலை செய்த அடிமைகள். கி.மு. 36-இல் அக்ரிப்பா என்ற தளபதி அவரைக் கடலில் தோற்கடித்தார். அதன் பிறகு வந்த பேரரசர்கள் நிரந்தரக் கடற்படை வைத்தார்கள். மத்தியதரைக் கடல் வெகுகாலம் அமைதியாக இருந்தது.

அந்தக் கடலில்தான் அமைதி. ரோமானியக் கப்பல்கள் மிளகு வாங்க நம் மேற்குக் கரைக்கும் வந்தன. சேரநாட்டு முசிறித் துறைமுகத்துக்கு வந்தன. அந்தக் கப்பல்களில் வில்வீரர்களை ஏற்றிக்கொண்டு வர வேண்டியிருந்தது என்று பிளினி என்ற ரோமானியர் கி.பி. முதல் நூற்றாண்டில் எழுதியிருக்கிறார். இங்கேயும் கடற்கொள்ளையர் இருந்தார்கள்.

நிலம் வாங்கிய கொள்ளையர்கள் என்ன ஆனார்கள்? அவர்கள் யாரும் தங்கள் கதையை எழுதி வைக்கவில்லை. ஆனால் வர்ஜில் என்ற ரோமானியக் கவிஞர் ஒரு கிழவரைப் பற்றிப் பாடியிருக்கிறார். தெற்கு இத்தாலியில், தரந்தம் ஊர்ப் பக்கம் அவரைப் பார்த்தாராம். சிலிசியாவில் உள்ள கோரிகஸ் ஊர்க்காரர். பொம்பேயஸ் அந்தப் பக்கத்திலும் சிலிசியாக் கொள்ளையருக்கு நிலம் கொடுத்தார் என்று பழைய உரைக்காரர் ஒருவர் இதற்கு விளக்கம் எழுதுகிறார்.

கிழவருக்கு இருந்தது கொஞ்ச நிலம். வேண்டாம் என்று யாரோ விட்டது. ஏர் ஓட்ட ஆகாது. ஆடு மாடு மேய்க்க ஆகாது. திராட்சைக்கும் ஆகாது. முள்ளுக்கு நடுவே கீரை விதைத்தார். பூச்செடி வைத்தார். தேனீ வளர்த்தார். ஊரில் முதல் ரோஜா அவர் தோட்டத்தில்தான் பூக்கும். முதல் ஆப்பிள் அவர் மரத்தில்தான் பழுக்கும். ராத்திரி நேரம் கழித்து வீட்டுக்குத் திரும்பினால் சாப்பாடு தயார். எதுவும் கடையில் வாங்கியது அல்ல. எல்லாம் தோட்டத்தில் விளைந்தது.